அறுநூற்று நாற்பத்தெட்டு

பிறந்தவுடன் வார்டே அதிர அழுத பிள்ளை, ஒரு மணி நேரத்துக்குள் துவண்டுபோனது.

நாலரைக் கிலோ. தென்காசியில் அந்த ஆஸ்பத்திரித் தராசு அதுவரை காணாத எடை. அவ்வளவு பெரிய பிள்ளை, பாட்டி முப்பிடாதியம்மாளின் மடியில் ஈரத்துணி மாதிரிக் கிடந்தது. கை மட்டும் வெடுக் வெடுக்கென்று நடுங்கியது.

வேதா கதவோரம் நின்றாள். அவளுக்கு அங்கே ஒரு வேலையும் இல்லை.

அவள் வேலை கீழே, ரெக்கார்டு அறையில். டாக்டர்கள் கிறுக்கித் தள்ளும் நோயையெல்லாம் ஒரு தடிப் புத்தகத்தில் தேடிப் பிடித்து நம்பராக மாற்றவேண்டும். கர்ப்பிணிக்குச் சர்க்கரை என்றால் அறுநூற்று நாற்பத்தெட்டு. வேலைக்கு வந்த நாள்முதல் நாலைந்து பேருக்கு அந்த நம்பரைப் போட்டிருக்கிறாள். அதில் ஒருத்திகூடப் பிள்ளையோடு வீட்டுக்குப் போகவில்லை.

இந்தப் பிள்ளையைப் பெற்ற இலஞ்சி ஊர் வள்ளித்தாய்க்கும் இன்று அதே நம்பர்தான். பேனாவைத் திறந்த வேதாவுக்குக் கை ஓடவில்லை. மாடியேறி வந்துவிட்டாள்.

டாக்டர் சாவித்ரி, வள்ளித்தாயின் ரத்தப்போக்கை நிறுத்தப் போராடிக்கொண்டிருந்தார். தலையைத் திருப்பாமலே பிள்ளைக்குக் குளுக்கோஸ் தண்ணீர் கொடுக்கச் சொன்னார்.

நர்ஸ் கொண்டுவந்த தம்ளரை முப்பிடாதியம்மாள் தட்டிவிடாத குறைதான்.

"ஏட்டி, இவ ஆத்தா சாகக் கிடக்கதே இந்தச் சீனியாலதான். பச்சப்பிள்ளைக்கும் அதையே ஊட்டச் சொல்லுதியளா?"

பிள்ளையின் நாக்கில் முதல் இனிப்பாகச் சேனை தொட்டு வைக்கவென்று ஊரிலிருந்து கொண்டுவந்த கருப்பட்டியைக்கூட அவள் ஜன்னல் வழியாக எறிந்திருந்தாள். வெளியே சாரலில் அது கரைந்துகொண்டிருந்தது.

வயிற்றுக்குள் தாயின் சர்க்கரையை வாரி வாரிக் குடித்த பிள்ளை இது, கொடியை வெட்டியதும் வரத்து நின்றுவிட்டது, இனிப்பு உள்ளே போகாவிட்டால் இப்போதே போய்விடும் என்று டாக்டர் கத்தினார். கிழவி பிள்ளையை இன்னும் இறுக்கிக்கொண்டாள்.

வேதா தம்ளரை வாங்கினாள். எப்படி வாங்கினாள் என்று அவளுக்கே தெரியாது.

"சேனைன்னு நினைச்சுக்கிடுங்க ஆச்சி. நான் வைக்கேன்."

கிழவி அவளை ஏற இறங்கப் பார்த்தாள். சேனை வைப்பவளின் குணம் பிள்ளைக்கு வரும். உயிர் ஊசலாடும்போதும் அதைக் கேட்காமல் விடமுடியுமா?

"நீ என்ன குணமுள்ளவ?"

"பயந்தாங்கொள்ளி, ஆச்சி."

என்ன தோன்றியதோ, கிழவியின் பிடி தளர்ந்தது.

வேதா விரலை நனைத்து அந்தச் சின்ன உதட்டில் வைத்தாள். ஒரு சொட்டு. அசைவில்லை. இன்னொரு சொட்டு. கடைவாயில் வழிந்தது. அவள் விடவில்லை.

திடீரென்று நாக்கு அவள் விரலைத் தேடியது.

பிறகு உறிஞ்சியது. பல்லில்லாத அந்த ஈறுக்கு அப்படி ஒரு பலம்! கையின் நடுக்கம் மெல்ல மெல்ல நின்றது. வெளிறிய கன்னத்தில் சிவப்பு ஏறுவதை வேதா மூச்சுவிட மறந்து பார்த்தாள். தாயை உருக்கிய அதே இனிப்பு, வேதாவின் கண்முன்னே பிள்ளையைத் திரும்பக் கூட்டிவந்தது.

பிள்ளை கண்ணைத் திறந்து, இத்தனை நேரம் காக்கவைத்ததற்கு ஏசுவதுபோல் வீறிட்டு அழுதது. முப்பிடாதியம்மாளும் கூடவே அழுதாள்.

கட்டிலில் வள்ளித்தாய் தலையைத் தூக்கினாள். ரத்தம் நின்றிருந்தது.

கையைக் கழுவிக்கொண்டு வந்த டாக்டர், அப்போதுதான் வேதாவைக் கவனித்தார். ரெக்கார்டு அறைக்காரிக்கு இங்கே என்ன வேலை என்று கேட்டார்.

வைத்தவளின் குணம் பிள்ளைக்குப் போனதோ என்னவோ, அந்தப் பிள்ளையின் குணம் அவளுக்கு வந்திருந்தது. நாலு மாதமாகப் புருஷனிடம்கூடச் சொல்லாமல் முந்தானையை இழுத்து இழுத்து மூடிய வயிற்றில் கையை வைத்தாள்.

"எனக்கும் ஒரு சீட்டு போடணும் டாக்டர். நம்பர் எனக்கே தெரியும்."