எட்டுக்குப் போகும் முள்

லெவ், சோவியத் காலத்து மொஸ்கோவில் நாற்பது வருடம் சினிமாக் கமரா பிடித்தவர். அங்கே பிலிமை அளந்துதான் கொடுப்பார்களாம். அதனால் முகத்தில் விழும் வெளிச்சத்தை இரண்டு தரம் அளக்காமல் அவர் கமராவை ஓடவிட்டதே இல்லை. முதுமையில் கனடாவுக்கு வந்து, சென் ஜேம்ஸ் ரவுணில், பதினைந்தாம் மாடியில் தனியாக இருந்தபோது வெளிச்சம் அளக்கும் மீற்றர் மட்டும் அவரிடம் மிஞ்சியிருந்தது.

அவரைப் பராமரிக்கப் போன வேரோனிக்காவைத் தினமும் காலை பத்து மணிக்கு ஜன்னலோரம் இருத்துவார். முகத்தை இடப்பக்கம் கொஞ்சம் திருப்பச் சொல்லி, மீற்றரைக் கன்னத்தருகே பிடிப்பார். எட்டு என்பார். மறுபடி அளப்பார். மழையோ ஸ்னோவோ, எட்டுத்தான். கனடா வந்த ஒன்பது வருடத்தில் அவள் முகத்தை அப்படிப் பார்த்தது அவர் ஒருவர்தான்.

மாசியில் லெவ் இறந்தார். அவருடைய மகள் மீற்றரை வேரோனிக்காவிடமே கொடுத்துவிட்டாள். டோர்செட் பார்க்கில் அவள் இருக்கும் பேஸ்மெண்டுக்கு ஜன்னல் இல்லை. அங்கேயுள்ள மங்கல் பல்புக்கு மீற்றரின் முள் ஒன்றைத் தாண்டாது. மீற்றர் அவளிடம் வந்த மூன்றாம் நாள் காலை பத்து மணிக்கு, அவள் தேத்தண்ணி குடித்துக்கொண்டிருக்க, முள் எட்டுக்குப் போய்த் திரும்பியது.

"பற்றரி பழுதாக்கும், மாத்திப் பாரும்," என்றாள் அதைக் கேட்ட மேல்வீட்டு யோகராணி.

"உதுக்குப் பற்றரி இல்லை அக்கா. வெளிச்சம் பட்டாத்தான் முள் அசையும்."

ஞாயிற்றுக்கிழமை வேரோனிக்கா பூசைக்குப் போகவில்லை. தலையை வாரிக்கொண்டு மீற்றருக்கு முன்னால் கதிரையில் இருந்தாள். பத்து மணி தாண்டியும் முள் அசையவில்லை. முகத்தை இடப்பக்கம் கொஞ்சம் திருப்பினாள்.

முள் எட்டுக்கு ஏறி இறங்கியது.

அவள் அசையவில்லை. இன்னும் ஒரு தரம் அளக்க வேண்டும்.