ஐந்தாவது எலும்பு

கப்பலின் கறுப்புப் பாயின் நிழலில் மெலித்தா என் தோளோடு தோள் ஒட்டி உட்கார்ந்து, இடைக்கச்சை அவிழ்த்து ஐந்து ஆட்டுக்கணு எலும்புகளை எடுக்கிறாள். ஏதென்ஸில் எங்கள் முற்றத்து அத்திமரத்தடியில் நாங்கள் தூக்கிப்போட்டுப் பிடித்து விளையாடியவை. கைபட்டுக் கைபட்டு மெழுகு போல வழவழத்திருக்கின்றன. அத்திப்பாலின் கறைகூட ஒன்றில் அப்படியே இருக்கிறது. அந்தி வெயிலில் கிரீட்டின் கரை சிவக்கிறது. நாளைக்கு எங்களை அங்கே, காளைத்தலை மனிதன் திரியும் சுற்றுவழி மாளிகைக்குள், அவனுக்கு இரையாக அனுப்பிவிடுவார்கள்.

"இதைக் கடல்ல போட்டுடப் போறேன்டி. கல்யாணத்துக்கு முன்னால ஆர்ட்டெமிஸ் அம்மனுக்குக் குடுக்கவேண்டிய விளையாட்டுச் சாமான். எனக்கு இனிமே எந்தக் கல்யாணம்?"

"இதைக் கைவிட்டுட்டா நீ சின்னப் பொண்ணு இல்லைன்னு ஆயிடும். சின்னப் பொண்ணுங்களைக் காக்குற அம்மன் அப்புறம் எதுக்கு உன்னைப் பாத்துக்கணும்? உள்ள வைடி, பைத்தியம்."

"எப்பவும் தோக்குறவ பேசுற பேச்சைப் பாரு!"

"நீ கள்ளாட்டம் ஆடுனா தோக்காம?"

அவள் சிரிக்கிறாள். சாப்பிடக் கூப்பிட்ட அம்மாவின் குரலைக் காதில் வாங்காமல் அத்திமரத்தடியில் சிரித்த அதே சிரிப்பு. துடுப்புச் சத்தம் சட்டென்று நிற்கிறது. நங்கூரக் கல் தண்ணீரில் விழுகிறது. மெலித்தா நான்கு எலும்புகளைக் கச்சில் முடிந்துகொண்டு, அத்திக்கறை படிந்ததை என் உள்ளங்கையில் வைத்து, விரல்களை ஒவ்வொன்றாக மடக்குகிறாள்.

"நாலை வெச்சு ஆட முடியாது. வெளிய வந்து குடு."