வாசலில் வைத்த படையல்

எலும்புக்கூடா, பேயா என்று இப்போது உறுதியாகச் சொல்ல முடியவில்லை. முகமூடி போட்டிருந்தது. அது மட்டும் நிச்சயம்.

நவரட்ணம் அத்தான் செத்து எட்டாம் நாள். அவர் விரும்பிச் சாப்பிட்டதையெல்லாம் படைத்து, கதவைச் சாத்திவிட்டு, அவர் வந்து சாப்பிட்டுப் போகும்வரை எல்லோரும் வெளியே நிற்கவேண்டும். ஊர் வழக்கம்.

கனடாவில், ஸ்காபரோவில் அன்று கடுங்குளிர்.

“நாங்கள் உள்ளுக்கு நிப்பம். மனுசன் வெளியில சாப்பிடட்டும்,” என்றாள் அத்தானின் மனைவி ஜெயமலர் அக்கா.

வாசல் விளக்கின் கீழே இலை. றால் பொரியல், ஆட்டிறைச்சி, ஒரு சிகரெட். சீனி வருத்தம் என்று அக்கா அவருக்கு ஒளித்துவைத்த சொக்கிலேற்றும் இருந்தது. அதற்காகச் சண்டை பிடித்து, இருவரும் பேசாமல் இருந்த நாளில்தான் மாரடைப்பு வந்தது.

“அதைத் தொட்டாரெண்டால் என்னில கோவமில்லை,” என்று சொல்லிவிட்டு அக்கா சாமியறைக்குள் போனாள்.

நானும் அவள் மகள் நிலாணியும் திரைச்சீலையோரம் நின்றோம். எதிர்வீட்டுப் படியில் பூசணிக்காய்க்குள் விளக்கு எரிந்தது. அப்போதுதான் அன்று ஹலோவீன், பிள்ளைகள் வேடம் போட்டு வீடுவீடாக இனிப்பு வாங்க வரும் நாள் என்பது உறைத்தது.

“உது எப்படிப் பிள்ளை தொடங்கினது?”

“முந்தி இண்டைக்குச் செத்த ஆக்கள் வீட்டை வருவினம் எண்டு சாப்பாடு வைப்பினமாம், மாமா. பிறகு சனம் முகமூடி போட்டு, செத்த ஆக்களுக்குப் பதிலா வந்து வாங்கிச் சாப்பிட்டுதாம். லைக், சேம் திங்.”

அவள் சொல்லி முடிக்கமுன் படியில் அது நின்றது. முகமூடியோடு, குள்ளமாக, தனியாக.

இலையை நெடுநேரம் பார்த்தது. றாலைத் தொடவில்லை. சொக்கிலேற்றை எடுத்துப் பைக்குள் போட்டது. மூடிய கதவைப் பார்த்து, “தாங்க் யூ,” என்றது.

கொஞ்ச நேரம் கழித்து அக்கா கதவைத் திறந்தாள். இலையைக் கண்டதும் படியிலேயே குந்திவிட்டாள்.

“கள்ள மனுசன். வேறொண்டையும் தொடேல்லை, பார்.”

அழுதுகொண்டே சிரித்தாள்.

நிலாணி வாய் திறந்தாள். நான் அவளைப் பார்த்தேன். மூடிக்கொண்டாள்.

சில வருடங்களின் பின், ஒரு யூலை மாதம் அக்கா போனாள். அவளுடைய எட்டுக்குப் படையலை உள்ளே வைத்து, முறைப்படி எல்லோரும் வெளியே நின்றோம். வெயில். தெருவில் ஒரு குஞ்சு குருமான் இல்லை. நிலாணி சாத்திய கதவையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

நான் பின்கதவால் போய்ப் படையலில் இருந்த ஒரு வடையைத் தின்றுவிட்டு வந்தேன்.

என் மீசையில் ஒட்டியிருந்த துணுக்கை அவள் கண்டாள். கையால் தட்டிவிட்டாள்.

வீட்டை விற்றாயிற்று. நிலாணி கல்கரியில் இருக்கிறாள். நான் ஸ்காபரோவிலேயே, மல்வேர்னில் தனியே இருக்கிறேன். என் எட்டுக்குப் பின்கதவால் வர யாருமில்லை.