கடைசிக் கையெழுத்து

வேன் நின்றுவிட்டது.

கேட்டுக்கு இன்னும் இருபதடி இருக்கலாம். முன்னால் ஆட்கள் தரையில் உட்கார்ந்துவிட்டார்கள். டிரைவர் ஹாரன் அடித்துப் பார்த்துவிட்டுக் கையை எடுத்துக்கொண்டான்.

ஜன்னல்களில் எல்லாம் பச்சைத் திரை. உள்ளே ஆறு பெண்கள், கம்பெனி யூனிஃபார்மில். யாரும் யாரையும் பார்க்கவில்லை.

வேலைநிறுத்தத்தின் அறுபத்தோராவது நாள்.

வெளியே கோஷம் போடுவது அந்த ஆறு பேரில் ஒருத்தியின் கணவன்.

அவள் உள்ளே இருப்பது அவனுக்குத் தெரியாது. அம்மாவுக்கு உடம்பு சரியில்லை, செஞ்சி வரை போய்விட்டு வருகிறேன் என்று சொல்லியிருந்தாள். போராட்டப் பந்தலில் இருந்தபடியே சரி என்றான். பஸ்ஸில் ஜன்னலோரமா உட்காரு, உனக்கு வாந்தி வரும் என்றான்.

திரையில் விரலளவு இடைவெளி. அதன் வழியே பார்த்தாள்.

முதல் வரிசையில் அஞ்சலாட்சி.

அவள் மறுபடி பார்த்தாள். அஞ்சலாட்சிதான். சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் மல்லிகா. பின்னால் கனகா, இந்திராணி. அவள் வேலை செய்யும் மூன்றாம் உற்பத்தி லைன் மொத்தமும் தரையில் இருந்தது.

செவ்வாய்க்கிழமை எச்.ஆர். சார் வரச்சொல்லி ஒரு தாளை நீட்டினார். இனிச் சங்கத்தில் இருக்க மாட்டோம், வேலைநிறுத்தம் செய்ய மாட்டோம் என்று எழுதிய கடிதம். கீழே மூன்றாம் லைனின் முப்பத்து நான்கு பெயர்கள். முப்பத்து மூன்று பேர் கையெழுத்துப் போட்டிருந்தார்கள்.

"நீ மட்டும்தாம்மா பாக்கி. உனக்காக எத்தனை நாள் வச்சிருக்கறது?"

அஞ்சலாட்சி தன் பெயரை முழுதாக எழுதி அடியில் இரண்டு கோடு இழுப்பாள். வருகைப் பதிவேட்டில் தினமும் பார்த்த கையெழுத்து. தாளிலும் இரண்டு கோடு இருந்தது.

அவள் போட்டாள்.

அதன்பிறகு இரண்டு நாள் பந்தலில் அஞ்சலாட்சியின் முகத்தை நேராகப் பார்க்கவில்லை. பாவம், அவளுக்கும் கூச்சமாக இருக்கும் என்று நினைத்துக்கொண்டாள்.

இன்று காலை வேனில் ஏறியபோது ஐந்து பேர்தான் இருந்தார்கள். ஆளுக்கொரு லைன்.

"மத்தவங்க அடுத்த வண்டியிலயா?" என்று டிரைவரைக் கேட்டாள்.

"அடுத்த வண்டியா? இது ஒண்ணுதாம்மா."

அப்போதும் புரியவில்லை. இப்போது புரிந்தது. தாளில் இருந்த இரண்டு கோடு அஞ்சலாட்சி இழுத்தது இல்லை.

மற்ற ஐந்து பேரும் அவரவர் திரை இடுக்கில் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒருத்தி வாயைப் பொத்திக்கொண்டாள்.

"யாருடி உள்ள? பொண்ணழைப்பா நடக்குது, திரை போட்டுக்கிட்டு வர்றீங்க? மூஞ்சியக் காட்டுங்கடி!"

அஞ்சலாட்சியின் குரல். கூட்டம் சிரித்தது.

"காட்டினா கருங்காலி யாருன்னு தெரிஞ்சிடும்ல!"

யாரோ வேனைத் தட்டினார்கள். பிறகு எல்லாரும் தட்டினார்கள். போலீஸ்காரர் ஒருவர் லத்தியை இடது கையிலிருந்து வலது கைக்கு மாற்றினார்.

"யாரும் வண்டியத் தொடாதீங்க தோழர். நான் பாக்கறேன்."

அவன்.

காலடிச் சத்தம் நெருங்கியது. அவள் தலை குனிய நினைத்தாள். முடியவில்லை.

சங்கத்தில் சேர்ந்த முதல் பெண் அவள். உறுப்பினர் படிவத்தில் அவள் பெயரை எழுதியது அவன்தான். அடுத்த வருடம் கல்யாணப் பத்திரிகைக்கு அச்சகத்தில் எழுதிக் கொடுத்ததும் அவன்தான். இரண்டிலும் ஒரே இடத்தில் ஒற்றுப்பிழை விட்டிருந்தான். அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்திருக்கிறார்கள்.

அவளுடைய ஜன்னலின் திரை விலகியது.

தாடி வளர்ந்த முகம். அறுபத்தோரு நாள் வெயில். சட்டையில் இரண்டாவது பொத்தான் இல்லை.

அவன் முதல் சீட்டிலிருந்து பார்த்துக்கொண்டு வந்தான். ஒவ்வொருவராக. அவளிடம் வந்தான்.

மற்றவர்களைப் பார்த்த அதே அளவு நேரம்தான் அவளையும் பார்த்தான். கூடவும் இல்லை, குறையவும் இல்லை.

அவள் உதடு அசைந்தது. முப்பத்து மூன்று பேர் என்று சொல்ல வந்தாள். இரண்டு கோடு என்று சொல்ல வந்தாள்.

அவன் திரையை விட்டான். பிறகு, வெளியிலிருந்தே அதன் ஓரத்தைப் பிடித்து மெல்ல இழுத்தான். அந்த விரலளவு இடைவெளியும் மூடிக்கொண்டது.

"நம்ம ஆளுங்க யாரும் இல்ல. எல்லாம் புதுசாக் கூட்டிட்டு வந்தவங்க. வழி விடுங்க."

பிறகு வெளியே வெடித்தது. கைதட்டல். விசில். அறுபத்தோரு நாளில் அவள் கேட்டிராத சந்தோஷம்.

"நான் அப்பவே சொல்லல? நம்ம லைன்ல ஒருத்தி போவாளா?" அஞ்சலாட்சி கத்தினாள். "ஒருத்தி போவாளா?"

"மாட்டா! மாட்டா!"

வேன் நகர்ந்தது. அவர்கள் எழுந்து ஒதுங்கி வழிவிட்டார்கள். கைதட்டல் இருபுறமும் கூடவே வந்தது.

அத்தனை குரலுக்கு நடுவில் அவள் கணவனின் குரலைத் தேடினாள்.

கேட் மூடும் வரை தேடினாள்.