குசினியில் தொங்கிய மூன்று பிடி

"பிள்ளை, இதிலை கொழுவிக் கிடந்த வெங்காயப் பிடி மூண்டும் எங்கை?"

சங்கக்கடைக்குப் போய் வந்த அன்னபாக்கியம் குசினி வாசலிலேயே நின்று, கூரையடியில் குறுக்கே கட்டியிருந்த தடியைக் காட்டிக் கேட்டார். மருமகள் யதுர்ஷிகா பெருமையோடு பெரிய கோப்பையின் மூடியைத் திறந்து காட்டினாள். சின்ன வெங்காயத்தை மெல்லிசாக அரிந்து, வினாகிரியும் சீனியும் உப்பும் விட்டு ஊற வைத்து, பிழிந்தெடுத்து, கட்டியான எருமைத் தயிரில் மிளகுத்தூளோடு பிரட்டி வைத்திருந்தாள்.

"எல்லாம் இதுக்குள்ளைதான் மாமி. பின்னேரம் இவரின்ரை கூட்டாளிமார் வருகினம் எல்லே, கோழிப் பொரியலோடை நல்லாயிருக்கும். ஊற ஊறத்தான் ருசி. பெரிய பம்பாய் வெங்காயம் கடையிலை முடிஞ்சுதாம். அதுதான் இதைக் கழட்டினனான். உரிச்சு உரிச்சு நகக்கண் எல்லாம் எரியுது."

அன்னபாக்கியம் அப்படியே நிலத்தில் குந்திவிட்டார்.

"ஐயோ பிள்ளை, அது மாமா வைச்ச விதை வெங்காயம்!"

யதுர்ஷிகாவின் கையிலிருந்த அகப்பை கோப்பைக்குள் விழுந்தது. அவள் வவுனியா நகரத்தில் வளர்ந்தவள். அவள் வீட்டில் வெங்காயம் கடையிலிருந்து பையில் வரும், பையில் இருந்து சட்டிக்குப் போகும். குசினியில் தொங்குவது கறிக்குத்தான் என்று அவள் நினைத்ததில் என்ன பிழை?

"நாளைக்கு நடுகை பிள்ளை. கிணத்தடித் துண்டு பண்படுத்தி, ஆக்களுக்கும் சொல்லியாச்சு. இனி எங்கை போய் விதை எடுக்கிறது? அக்கராயன் ஊர் முழுக்க நட்டு முடிஞ்சுது."

"நீங்கள் ஒரு சொல்லுச் சொல்லியிருக்கலாமே மாமி."

"அதிலை நானே கை வைக்கிறேல்லை. மாமாதான் கொழுவுவார், நடுகையண்டு மாமாதான் கழட்டிக்கொண்டு போவார். நீ கை வைப்பாயெண்டு நான் கண்டனானே?"

யதுர்ஷிகாவுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. வீட்டில் இன்னும் அவளுக்குப் புதுப்பெண் என்ற பெயரே போகவில்லை. மாமனார் ஐயாத்துரையோ அதிகம் பேசாத மனுசன். அப்பா வாயைத் திறப்பது கொட்டாவி விடத்தான் என்று அவள் கணவன் நிருஷன் பகிடி பண்ணுவான். அவள் சமையலைப் பற்றி அந்த வாயிலிருந்து நல்லதோ கெட்டதோ ஒரு சொல் இதுவரை வந்ததில்லை. இன்றைக்கு வரப்போகும் முதல் சொல் எப்படி இருக்குமோ?

அன்னபாக்கியம் எழுந்து சேலையை இழுத்துச் செருகினார். "அழாதை. எலி கொண்டு போட்டுதெண்டு சொல்லுவம்."

"மூண்டு பிடியையும் கட்டோடை கொண்டு போற எலியோ மாமி?"

"மாமா எலியெண்டால் நம்புவர். எனக்குத் தெரியும்."

"குரங்கெண்டு சொன்னால் என்ன?"

"குரங்கு எங்கையடி வெங்காயம் தின்னுறது? சொல்லுறதைக் கொஞ்சம் பொருத்தமாச் சொல்லவேணும்."

படலையடியில் சைக்கிள் சத்தம் கேட்டது. கோப்பை அவசரமாக அலுமாரிக்குள் போனது. ஐயாத்துரை கிணற்றடியில் கால் கழுவி, குசினிக்குள் வந்து மேசையடிக் கதிரையில் இருந்தார். யதுர்ஷிகா சோறு போட்டாள். பருப்பு மேசையிலும் கொஞ்சம் ஊற்றுப்பட்டது. ஐயாத்துரை மூக்கைச் சுளித்தார்.

"என்ன, வினாகிரி மணக்குது?"

அவர் எழுந்து, மணம் வந்த பக்கம் நேரே போய் அலுமாரியைத் திறந்தார். கோப்பையை எடுத்து வந்து மேசையில் வைத்து, ஒரு அகப்பை அள்ளிச் சோற்றில் போட்டார். சாப்பிட்டார். இன்னொரு அகப்பை. பிறகு கோப்பையையே கிட்ட இழுத்துக்கொண்டார்.

அவருடைய ஒவ்வொரு வாய்க்கும் யதுர்ஷிகா மனதுக்குள் ஒரு பிள்ளையாரைக் கும்பிட்டாள்.

சாப்பிட்டு முடித்த ஐயாத்துரை, விரலை நக்கிக்கொண்டே அண்ணாந்து பார்த்தார். வெறும் தடி அவரைப் பார்த்தது.

"மேலை கிடந்தது எங்கை?"

"எலி..." என்று தொடங்கினார் அன்னபாக்கியம்.

யதுர்ஷிகாவால் பொறுக்க முடியவில்லை. "இல்லை மாமா, நான்தான். விதையெண்டு தெரியாமல் எடுத்துப்போட்டன். இப்ப நீங்கள் சாப்பிட்டதுதான்..."

"அவளைப் பேசாதேங்கோ!" அன்னபாக்கியம் மருமகளுக்கு முன்னால் வந்து நின்றார். "நான்தான் எடுக்கச் சொன்னனான். பேசிறதெண்டால் என்னைப் பேசுங்கோ."

யதுர்ஷிகா மாமியாரின் முதுகையே பார்த்துக்கொண்டு நின்றாள். அம்மாவை விட்டு வந்ததிலிருந்து நெஞ்சில் கிடந்த ஏதோ ஒன்று இளகுவது போலிருந்தது.

ஐயாத்துரை இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு சிரித்தார். தோள் குலுங்கக் குலுங்கச் சிரித்தார்.

"சும்மா பயப்பிடாதேங்கோ. விதை தோட்டத்திலை, இறைப்பு மிசின் கொட்டிலுக்கை பத்திரமாக் கிடக்கு. பூட்டின திறப்பு என்ரை மடியிலை. குசினியிலை கிடந்தது கறிக்குக் கழிச்சது, விதையெண்டு காட்டத்தான் கொழுவினது."

யதுர்ஷிகாவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. அழுகையும் சிரிப்பும் சேர்ந்தே வந்தன. அன்னபாக்கியம் மட்டும் சிரிக்கவில்லை.

"அப்ப ஏன் மாமா இஞ்சை கொழுவிறனீங்கள்?" என்று கேட்டாள் யதுர்ஷிகா.

"நல்ல சலாட் பிள்ளை. பின்னேரத்துக்கும் எனக்கு எடுத்து வை." ஐயாத்துரை கை கழுவ எழுந்தார். "ஏனெண்டு உன்ரை மாமியைக் கேள். கலியாணம் முடிச்சு வந்த புதுசிலை என்ரை விதை முழுக்கச் சம்பல் இடிச்சுப்போட்டு, எலி கொண்டு போட்டுதெண்டு சொன்னவா!"