நூற்றிருபது பாட்டு

"ரெண்டு போயிடுச்சி. இதாவது பொழைக்கணும் மாரியம்மா" என்று மூடிய அறைக்கு வெளியே கும்பிட்டுக்கொண்டு நின்றாள் கெம்பம்மா. பக்கத்து வீட்டுக்காரியும் வேலையை விட்டுவிட்டு வந்து நின்றிருந்தாள்.

உள்ளேயிருந்து மகன் சென்னகிருஷ்ணனின் குரல் மட்டும் வந்தது. "யாரும் மிக்சி போடாதீங்க. கம்முனு இருங்க, முடியப்போவுது."

கொஞ்ச நேரத்தில் கதவு திறந்தது. பிரசவம் பார்த்த டாக்டரைப் போல வேர்த்து விறுவிறுத்து வந்தவன் கையில் ஒரு சிடி இருந்தது. "பொழைச்சிடுச்சிம்மா. கம்ப்யூட்டர்ல போட்டுப் பாத்துட்டேன், எல்லாப் பாட்டும் பாடுது."

முதல் சிடி, அம்மா சட்னி அரைத்தபோது கரண்ட் குறைந்து கம்ப்யூட்டர் அணைந்ததில் செத்தது. இரண்டாவது, பாட்டு ஏறிக்கொண்டிருக்கும்போதே அவன் அதில் சீட்டாடிப் பார்த்ததில் செத்தது. அந்தப் பழியையும் மிக்சி மேலேயே போட்டிருந்தான்.

ஓசூரில் ஒரு கம்பெனியில் பிட்டர் வேலை அவனுக்கு. தொண்ணூற்றொன்பதில் அந்தத் தெருவிலேயே முதல் கம்ப்யூட்டரைப் பெங்களூரில் வாங்கி, போர்வை சுற்றி ஜூஜுவாடி செக்போஸ்ட் தாண்டிக் கொண்டுவந்த நாளிலிருந்து கால் தரையில் பாவவில்லை. அந்தக் கர்வத்தோடுதான் போன மாதம் மத்தூருக்குப் பெண் பார்க்கப் போயிருந்தான்.

பெண்ணின் அப்பா பொன்னுசாமி, கல்யாணங்களுக்கு மைக் செட் கட்டுகிறவர். கொல்லன் தெருவில் ஊசி விற்பதுபோல அவரிடமே ஆரம்பித்தான். "கேசட் காலமெல்லாம் முடிஞ்சிது மாமா. கம்ப்யூட்டர்ல இருக்கற பாட்ட நானே சிடியில ஏத்துவேன். கடை சிடியில பன்னெண்டு பாட்டுன்னா, என்னுதுல நூத்திருவது."

காபி கொண்டுவந்த வீரலட்சுமி, "நூத்திருவதா?" என்று கேட்டுவிட்டு, சிரிப்பை அடக்கிக்கொண்டு உள்ளே போனாள். கிருஷ்ணகிரியில் கம்ப்யூட்டர் கிளாஸ் படிக்கிற பெண். அவளே மயங்கிவிட்டாள் என்று இவனுக்குத் தலைகால் புரியவில்லை.

பொன்னுசாமி மயங்கவில்லை. "எங்க வீட்ல செட்டுல மொதப் பாட்டு பாடுனப்புறந்தான் தட்டு மாத்துவோம். நிச்சயத்தன்னிக்கு உங்க சிடியே பாடட்டும் மாப்ள" என்றார்.

நிச்சயத்தன்று தென்னை மரத்தில் ஹாரன் கட்டி, புதிதாக வாங்கிய சிடி பிளேயரை நடுக்கூடத்தில் வைத்திருந்தார். பட்டு வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு சென்னகிருஷ்ணனே போய், பிழைத்த அந்த மூன்றாவது சிடியைப் போட்டான். அது சுற்றியது, திணறியது, நின்றுவிட்டது. ஊதினான், வேட்டியில் துடைத்தான், மறுபடி போட்டான். ஹாரன் கொர்ரென்றதே தவிர வாய் திறக்கவில்லை.

"நல்ல காரியத்துல செட்டு ஊமையாப் போச்சே" என்றாள் பெண்ணின் அத்தை நஞ்சம்மா.

பொன்னுசாமி கையிலிருந்த தாம்பாளத்தைக் கீழே வைத்தார். "நூத்திருவதுல ஒண்ணு கூடவா பாடல தம்பி?"

மாப்பிள்ளையாக உள்ளே வந்தவன் தம்பியாகிவிட்டான். நுணலும் தன் வாயால் கெடும் என்பது தனக்காகவே சொன்னது போலிருந்தது. அம்மாவின் முகத்தைப் பார்க்க வெட்கமாக இருந்தது. பழி போட மிக்சியும் பக்கத்தில் இல்லை.

அறைக்குள்ளிருந்து வீரலட்சுமி வந்தாள். பிளேயரைத் திறந்து சிடியை எடுத்தாள். திருப்பிக் கொடுக்கத்தான் எடுக்கிறாள் என்று அவன் தலையைக் குனிந்துகொண்டான்.

"இது பாடாதுப்பா. அத்தினி பாட்ட ஒண்ணா ஏத்துனா கம்ப்யூட்டர்லதான் பாடும், நம்ம செட்ல பாடாது. அவரு நூத்திருவதுன்னு சொன்னப்பவே எனக்குத் தெரியும்."

பொன்னுசாமிக்குக் கோபம் வந்துவிட்டது. "தெரிஞ்சிமா இத்தன நாளு கம்முனு இருந்த? புடிக்கலைன்னா அன்னிக்கே சொல்லியிருக்கலாமே."

சென்னகிருஷ்ணன் நிமிர்ந்து அவளைப் பார்த்தான். சபையில் வைத்து மூக்கறுக்கத்தான் காத்திருந்தாளா?

வீரலட்சுமி சிடியை முந்தானையில் பத்திரமாகச் சுற்றிக்கொண்டாள்.

"எல்லாத்தையும் இங்கயே கேட்டுட்டா, அவங்க வீட்டுக்குப் போயி நான் எதக் கேக்கறது? தட்ட மாத்துங்கப்பா."