பெயர் ஒட்டிய விளக்குகள்

விளக்குக்குள் எரியத் தோதான இழை தேடி நூல், நார், மூங்கில் எல்லாம் பார்த்தாகிவிட்டது. இனி ஆளுக்கொரு தாடிமுடி கொடுக்க வேண்டுமென்று அந்தப் பேர்போன அமெரிக்கக் கண்டுபிடிப்பாளரின் ஆய்வுக்கூடத்தில் உத்தரவு. முடியைக் கரியாக்கிக் கண்ணாடிக் குமிழுக்குள் வைத்து, கொடுத்தவன் பெயரை அடியில் ஒட்டுவார்கள். முதலில் அணைந்தது யாகோபின் விளக்கு. மறுநாள் அவன் வேலைக்கு வரவில்லை. அடுத்தது மார்ட்டினுடையது, அவனையும் காணோம். "ஊரெல்லாம் காய்ச்சல்ப்பா" என்றார் வேலையை மேற்பார்க்கும் ஃபோர்மன் காலின்ஸ். கண்ணாடி ஊதுகிற வில்ஹெல்முக்கு அது சரியாகப் படவில்லை. தன் முறை வந்ததும், ஆணியில் தொங்கிய காலின்ஸின் கோட்டுக் காலரில் உதிர்ந்து கிடந்த அவருடைய தாடிமுடி ஒன்றை எடுத்துக் கொடுத்தான். "உன் தாடி கறுப்பாச்சே, இது நரைச்சிருக்கே?" என்று கேட்டார் காலின்ஸ். "உள்ளே ஒண்ணு ரெண்டு நரை இருக்கு சார்." அவர் குமிழின் அடியில் வில்ஹெல்ம் என்று எழுதி ஒட்டினார். விளக்கு பதினோரு நிமிடம் பளிச்சென்று எரிந்தது. "உன்னுது மங்குதேப்பா" என்று கையில் கடிகாரத்தோடு சிரித்தார் காலின்ஸ். சிரிப்பு இருமலானது, இருமல் நிற்கவில்லை. வில்ஹெல்ம் ஓடிப்போய்த் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தான். அது யாருடைய முடி என்பதை மட்டும் சொல்லவில்லை.